ஆழ்துளைக் கிணற்றுக் குழாயின் வாயை மூடும் முறை

பந்தலுக்கும் மாட்டுக் கொட்டகைக்கும் நடப்படும் சதுர இரும்புக் குழாயின் மேல்வாயை மூடாது விட்டால், மழைநீர் உட்புகுந்து, வெளியே பூசிய வர்ணம் கெடுமுன்னரே குழாய் உள்ளிருந்து துருப்பிடித்து இற்றுப்போகும். அந்த நஷ்டம் குழாயின் விலையோடு நின்றுவிடும். ஆழ்துளைக் கிணற்றின் வாயை மூடாது விடுவதால் நேரும் நஷ்டமோ விலை மதிக்கக்கூடியதன்று. 2019-ம் வருஷம் அக்டோபர் மாதம் 25-ந் தேதி, திருச்சிராப்பள்ளி ஜில்லா மணப்பாறையை அடுத்த நடுக்காட்டுப்பட்டியில் இரண்டு வயதுக் குழந்தையொன்று கைவிடப்பட்ட ஆழ்துளைக் கிணற்றில் விழுந்தது. இரவு பகலாய் முயன்றும், 29-ந் தேதி உடலே மீட்கப்பட்டது.

இவ்விஷயம் கொங்கு நாட்டுக் குடியானவர்களுக்கு மிகவும் முக்கியமானது. கோயமுத்தூர், திருப்பூர், ஈரோடு, நாமக்கல் ஜில்லாக்களில் மேல்மண்ணின் கீழ் இருப்பது பெரும்பாலும் கடினப் பாறையே. திறந்த கிணறுகள் வற்றிய இடங்களில் 1,000 அடிக்கு மேலும் துளையிடுவது வழக்கமாகிவிட்டது. இத்துளைகளில் மேல்மண் சரியாதிருக்கும்பொருட்டுப் பாறை தட்டும் ஆழம் வரையில் மட்டுமே குழாய் இறக்கப்படுகிறது. அதன் கீழ் பாறையே சுவராய் நிற்கும். நீர் கிட்டாதபோது சிலர் அக்குழாயை உருவி வேறிடத்தில் உபயோகிக்கின்றனர். பிறகு மேல்மண் சரிந்து, துளையின் வாய் முன்னிலும் அகன்றுவிடுகிறது. அதன்மேல் இடும் சாக்கு ஒரு மழையில் மக்கும். முள் காற்றில் விலகும். பலகைக்கல்லை வேறு வேலைக்கு யாரேனும் எடுத்துச் செல்வர். கருவியின்றித் திறக்க இயலாத மூடியே மூடி எனப்படும்.

உபயோகத்திலுள்ள கிணறுகளைக் காக்கும் முறையைச் சுப்ரீம் கோர்ட்டு 2010-ம் வருஷத்தில் வகுத்துள்ளது. அதன்படி, குழாயைச் சுற்றி அரை மீட்டர் சதுரத்தில், தரைக்கு மேல் 0.30 மீட்டரும் தரைக்குக் கீழ் 0.30 மீட்டரும் இருக்கும்படி சிமெண்டு மேடை கட்டவேண்டும். குழாயின் வாயில் எஃகுத் தகட்டைப் பற்றவைக்க வேண்டும். அன்றேல் உறுதியான மூடியைப் போல்ட்டும் நட்டும் கொண்டு முடுக்கவேண்டும். பி.வி.சி. குழாயில் தகட்டைப் பற்றவைக்க இயலாதாகையால் அதற்குப் பிந்திய முறையே ஏற்றது. நீரேற்றும் குழாயும் மின்கம்பியும் செல்லும் துவாரங்கள் அவற்றின் பருமனுக்கு மேல் இடைவெளி விடலாகாது. இவ்வாறு மூடிய கிணற்றில், உரமும் பூச்சிமருந்தும் கலந்த வயல்நீர் வாய்வழியே இறங்கி ஊற்றைக் கெடுப்பதும் தடைப்படும்.

மோட்டார் பழுதாகி வெளியே எடுக்கப்படும் காலத்தில்தான் அஜாக்கிரதை மிகுதி. மோட்டாரைக் காயில் கட்டப் பட்டணத்துக்கு அனுப்பிவிட்டு, அது திரும்பும் வரையில் வாயைத் திறந்தே விடுவதுண்டு. இவ்வாறு விடலாகாதென்று மேற்படி உத்தரவு தெளிவாய்க் கூறுகிறது. துவாரமில்லாத மூடி ஒன்றைப் போல்ட்டுகளுடன் மோட்டார் அறையிலேயே வைத்திருந்து, மோட்டாரை எடுத்தவுடன் முடுக்கிவிடுதல் நலம்.

இனி ஒருபோதும் பயன்படாதெனக் கைவிட்ட கிணற்றுக்கு மூடி மட்டும் போதாது. அடிமுதல் தரைமட்டம் வரையில் நிரப்பவேண்டும். முதலில் மோட்டார், கம்பி, கயிறு யாவற்றையும் அகற்றுக. பின்பு கயிற்றில் கல் கட்டி இறக்கி ஆழத்தை அளந்துகொள்க. களிமண், மணல், சிறு கூழாங்கல், துளையிட்டபோது வெளிவந்த பாறைத்தூள் இவற்றைச் சிறிது சிறிதாய் இடுக. ஒரேயடியாய்க் கொட்டினாலும், பெருங்கற்களை இட்டாலும், நடுவழியில் அடைத்துக்கொண்டு கீழே வெற்றிடம் நிற்கும். இதைக் கண்டறியக் கணக்கு ஒன்று உண்டு. ஆறரை அங்குல விட்டமுள்ள துளை, 100 அடி ஆழத்துக்குச் சுமார் 23 கன அடி மண் கொள்ளும். 1,000 அடிக்குச் சுமார் 230 கன அடி, அதாவது இரண்டே கால் யூனிட்டுக்குச் சற்று மேல், வேண்டும். இட்ட மண் இக்கணக்குக்கு மிகவும் குறைவாயிருக்கையில் துளை நிரம்பியதாய்த் தோன்றினால், அது நிரம்பவில்லை என்றறிக. நிரப்பிய மண் மழைக்குப்பின் அமிழ்வதும் இயல்பாகையால், முதல் மழை கழிந்ததும் பார்த்து மீண்டும் மேவவேண்டும்.

கிராம அதிகாரிகளுக்கும் இதில் கடமை உண்டு. துளையிட எண்ணும் நிலச்சொந்தக்காரர் 15 நாட்களுக்கு முன்பே உரிய அதிகாரிகளுக்கு எழுத்துமூலம் அறிவிக்கவேண்டும்; 2015-ம் வருஷத்திய ஊராட்சி விதிகளின்படி அனுமதியும் பெறவேண்டும். கிராமங்களில் இவற்றைக் கண்காணிக்கும் பொறுப்பை ஊராட்சித் தலைவரிடமும் விவசாய இலாகா அதிகாரியிடமும் கோர்ட்டு ஒப்புவித்துள்ளது. கைவிட்ட கிணறு சரிவர நிரப்பப்பட்டதென்று சான்றும் பெறவேண்டும். நேரில் சென்று, இட்ட மண்ணின் அளவைக் கேட்டறிந்த பின்னரே சான்றுக்குக் கையொப்பமிடுதல் முறை.

துளையிடப் பெருந்தொகை செலவிடுபவருக்கு மூடியின் விலை ஒரு பொருட்டன்று. தம் நிலத்தில் எத்தனை துளைகள் உண்டு, அவற்றில் மூடாதவை எவை என்பதை ஒவ்வொரு குடியானவரும் இம்மாதத்திலேயே நடந்து பார்த்துக் கணக்கெடுத்தல் வேண்டும். தந்தை காலத்தில் போட்டு மறந்த துளைகளும் அக்கணக்கில் சேர்ந்தவையே.