பாஸ்போர்ட் புதுப்பிக்க எத்தனை நாள்?



எங்கள் ஊர் பாஞ்சாலங்குறிச்சி. ஊர்ப் பெயரைச் சொன்னதுமே எல்லோருக்கும் கட்டபொம்மனும் சினிமா வசனமும்தான் ஞாபகத்துக்கு வரும். ஆனால் அந்த வரலாற்றில் நாம் அதிகம் பேசாத ஒரு பகுதி உண்டு. 1798-ல் கலெக்டர் ஜாக்சன், தன்னை வந்து பார்க்கும்படி கட்டபொம்மனுக்கு உத்தரவு போட்டார். கட்டபொம்மன் குற்றாலம் போனார், பார்க்க முடியவில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் போனார், அங்கேயும் முடியவில்லை. இப்படி ஊர் ஊராக அலைய விட்டு, கடைசியில் செப்டம்பர் மாதம் ராமநாதபுரத்தில்தான் பேட்டி கிடைத்தது. பாளையக்காரருக்கே அந்தக் கதி என்றால், கரிசல் காட்டில் உளுந்தும் மிளகாயும் போட்டுப் பிழைக்கிற நம் ஜனங்கள் ஓர் ஆபீஸ் வாசலைக் கண்டு பயப்படுவதில் ஆச்சரியம் என்ன இருக்கிறது?

அந்தப் பயம் அதிகமாகத் தெரிகிற இடங்களில் ஒன்று பாஸ்போர்ட். மழை பொய்த்தால் தீப்பெட்டி ஆபீஸ், அதுவும் போதாவிட்டால் வளைகுடா நாடு என்று ஆகிவிட்ட பகுதி இது. "பாஸ்போர்ட் புதுப்பிக்க எத்தனை நாள் ஆகும்?" என்று டீக்கடையில் கேட்டுப் பாருங்கள். ஒருவர் மூன்று நாள் என்பார். ஒருவர் ஒரு மாதம் என்பார். இன்னொருவர், "ஆள் வச்சாத்தான் நடக்கும்" என்பார். மூவரும் பொய் சொல்லவில்லை. மூவரும் பார்த்தது வேறு வேறு பகுதி, அவ்வளவுதான்! அது எப்படி என்று விளக்குவதே இக்கட்டுரை.

முதலில் கொஞ்சம் சட்டம்

1967-க்கு முன்னால் பாஸ்போர்ட் தருவதும் மறுப்பதும் அரசாங்கத்தின் விருப்பம். கேள்வி கேட்கச் சட்டமே இல்லை. அந்த ஆண்டு ஏப்ரலில் சத்வந்த் சிங் சாஹ்னி என்பவரின் வழக்கில், வெளிநாடு போவது தனிமனித சுதந்திரத்தைச் சேர்ந்தது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதற்குப் பிறகுதான் 1967 ஜூன் 24-ல் பாஸ்போர்ட் சட்டம் வந்தது. பாஸ்போர்ட் மறுக்கப்பட்டால் அதற்கான காரணத்தை எழுத்தில் பதிவு செய்ய வேண்டும் என்பது அந்தச் சட்டத்தில் உள்ள விதி. 1978-ல் மேனகா காந்தி வழக்கின் தீர்ப்பு இந்த உரிமையை இன்னும் பலப்படுத்தியது. ஆகவே நண்பர்களே, நாம் கவுண்டரில் போய் நிற்பது உதவி கேட்டு அல்ல, உரிமை கேட்டு!

தூரமும் இப்போது குறைந்துவிட்டது. 2007-ல் மதுரையில் பாஸ்போர்ட் அலுவலகம் வருவதற்கு முன், தென் மாவட்டத்துக்காரர்கள் திருச்சிக்கு ஓடினார்கள். இப்போது திருநெல்வேலியிலேயே பாஸ்போர்ட் சேவா கேந்திரம் இருக்கிறது. ஓட்டப்பிடாரம் வந்து பஸ் ஏறினால் காலையில் போய்ச் சாயங்காலம் வீடு திரும்பலாம்.

'புதுப்பித்தல்' என்றால் என்ன?

பெரியவர்களின் பாஸ்போர்ட் 10 ஆண்டு செல்லும். அதற்குப் பிறகு பழைய புத்தகத்திலேயே ஒரு முத்திரை குத்தித் தேதியை நீட்டித் தருவார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. புது எண்ணோடு புதுப் புத்தகமே தருவார்கள். அலுவலக பாஷையில் இதற்கு 'ரீ-இஷ்யூ', அதாவது மறுவெளியீடு என்று பெயர். பழையதில் 'ரத்து' முத்திரை குத்தி நம் கையிலேயே கொடுத்துவிடுவார்கள். அதைத் தூக்கிப் போட்டுவிடக் கூடாது. அதில் செல்லுபடியாகிற விசா இருந்தால் இரண்டையும் சேர்த்துத்தான் கொண்டு போக வேண்டும்.

காலாவதி ஆவதற்கு ஓராண்டு முன்பிருந்தே மறுவெளியீட்டுக்கு விண்ணப்பிக்கலாம். இது பலருக்குத் தெரிவதில்லை. கடைசித் தேதி வரைக்கும் பாஸ்போர்ட் நல்லதுதானே என்று இருந்துவிடுகிறார்கள். ஆனால் போகிற நாடு அப்படிப் பார்ப்பதில்லை. குறைந்தது 6 மாதமாவது ஆயுள் மிச்சம் இருக்க வேண்டும் என்று பல நாடுகள் கேட்கின்றன. அப்படிப் பார்த்தால் 10 ஆண்டு பாஸ்போர்ட் உண்மையில் ஒன்பதரை ஆண்டுதான்!

நாட்கள் எங்கே போகின்றன?

மொத்த நாட்களை நான்கு துண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள்.

1. அப்பாயின்ட்மென்ட்: அரசு இணையதளத்தில் விண்ணப்பத்தைப் பூர்த்தி செய்து, பணம் கட்டி, நாள் குறிக்க வேண்டும். பெரியவர்களுக்கு 36 பக்கப் புத்தகத்திற்கு 1,500 ரூபாய், 60 பக்கத்திற்கு 2,000 ரூபாய். தட்கல் என்றால் மேற்கொண்டு 2,000 ரூபாய். நாள் உடனேயும் கிடைக்கும், சில வாரம் தள்ளியும் கிடைக்கும். கூட்டத்தைப் பொறுத்தது.

2. கேந்திரம்: அங்கே ஏ, பி, சி என்று மூன்று கட்டம். ஏ கவுண்டரில் தாள்களை ஸ்கேன் செய்து, போட்டோவும் கைரேகையும் எடுப்பார்கள். பி-யில் ஓர் அதிகாரி சரிபார்ப்பார். சி-யில் உள்ளவர் முடிவு எடுப்பார். தாள்கள் சரியாக இருந்தால் ஓரிரு மணி நேர வேலைதான்.

3. போலீஸ் விசாரணை: முதல் பாஸ்போர்ட்டுக்குப் பெரும்பாலும் விசாரணை முடிந்த பிறகே புத்தகம். மறுவெளியீட்டில் எல்லா விவரமும் பழையபடியே இருந்தால் பல நேரம் விசாரணையே தேவைப்படாது, அல்லது புத்தகம் கொடுத்த பிறகு நடக்கும். முகவரி மாறினாலோ, காலாவதியாகி மூன்று ஆண்டு கடந்துவிட்டாலோ விசாரணையை எதிர்பார்க்க வேண்டியதுதான். போலீசார் அறிக்கை தருவதற்கு 21 நாள் இலக்கு. இதற்கென்று நாம் தனியாகப் பணம் எதுவும் கட்ட வேண்டியதில்லை.

4. அச்சும் தபாலும்: பாஸ்போர்ட் அச்சாகி ஸ்பீட் போஸ்ட்டில் வரும். உரியவர் கையில்தான் கொடுப்பார்கள்.

கேந்திரத்தில் விண்ணப்பம் ஏற்கப்பட்ட பிறகு வெளியுறவுத் துறை வைத்திருக்கும் கணக்கு இது: போலீஸ் விசாரணை தேவைப்படாத மறுவெளியீட்டுக்கு 7 வேலை நாள், புது பாஸ்போர்ட்டுக்கு 30 நாள், விசாரணைக்குக் காத்திராத தட்கலில் விண்ணப்பித்த நாளை விட்டு மூன்றாவது வேலை நாள். டீக்கடையில் கேட்ட 'மூன்று நாள்', 'ஒரு மாதம்' எல்லாம் எங்கிருந்து வந்தன என்று இப்போது புரிகிறதா?

சித்தப்பாவின் 34 நாட்கள்

எங்கள் குடும்பத்தில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான். அதனால் வீட்டுக்கு எந்தக் காகிதம் வந்தாலும் என் கைக்குத்தான் வரும். எங்க சித்தப்பா குவைத்தில் ஒன்பது வருஷம் கொத்து வேலை பார்த்தவர், படிப்பு ஐந்தாம் வகுப்பு. ஊருக்கு வந்திருந்தபோது வேறு ஒரு கம்பெனியில் வேலை தயாராக இருந்தது. பாஸ்போர்ட்டில் மிச்சம் இருந்ததோ நான்கே மாதம். தங்கச்சி கல்யாணத்துக்கு வைத்த நகை இன்னும் அடகில்தான் இருந்தது.

"ஏலே, ஏஜெண்டு அஞ்சாயிரம் கேக்கான். குடுத்துரலாமா?" என்றார்.

"இருங்க சித்தப்பா, முதல்ல என்ன கேக்காங்கன்னு படிச்சுப் பாப்போம்" என்றேன்.

எல்லாத் தாள்களையும் திண்ணையில் பரப்பி, பேரையும் தேதியையும் எழுத்தெழுத்தாக ஒத்துப் பார்த்தோம். பாஸ்போர்ட்டில் முழுப் பிறந்த தேதி இருந்தது. ஆதாரில் வருஷம் மட்டும்தான் இருந்தது. பெயரிலும் ஓர் ஆங்கில எழுத்து குறைந்திருந்தது. எந்தக் காலத்தில் யார் அடித்த எழுத்தோ! அதைச் சரி செய்யவே 12 நாள் ஆகிவிட்டது. பிறகு திருநெல்வேலியில் நாள் கிடைக்க 8 நாள். கேந்திரத்துக்குப் போய் வந்தது 1 நாள். பழைய தெருவை விட்டுப் புது வீட்டுக்குக் குடிவந்திருந்ததால் முகவரி மாற்றம், ஆகவே போலீஸ் விசாரணை 9 நாள். அச்சாகித் தபாலில் வர 4 நாள். கூட்டிப் பாருங்கள், மொத்தம் 34.

இதில் கேந்திரத்துக்குள்ளே இருந்தது ஒன்றரை மணி நேரம்! பெரிய துண்டு எது? பன்னிரண்டு நாள். அது பாஸ்போர்ட் ஆபீஸ் எடுத்துக்கொண்ட நாள் அல்ல, நம் தாள்கள் ஒன்றுக்கொன்று ஒத்துப்போகாததால் போன நாள். தட்கலுக்கு 2,000 ரூபாய் கட்டியிருந்தாலும் அந்த 12 நாள் குறைந்திருக்காது. ஏஜெண்டுக்கு 5,000 கொடுத்திருந்தாலும் குறைந்திருக்காது.

நம் ஒர்க்‌ஷாப்பில் 'கோ, நோ-கோ' கேஜ் வைத்துப் பார்ப்போம் அல்லவா? பீஸ் நுழைய வேண்டிய பக்கம் நுழையணும், நுழையக் கூடாத பக்கம் நுழையக் கூடாது. கேஜிடம் கெஞ்சிப் பிரயோஜனம் இல்லை, பீஸைத்தான் சரியாகச் செய்யணும். பி கவுண்டரும் அப்படித்தான் என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

ஈ.சி.ஆர். என்னும் மூன்றெழுத்து

சென்னைக்காரர்களுக்கு ஈ.சி.ஆர். என்றால் கடற்கரைச் சாலை. நம்ம பக்கத்து ஜனங்களுக்கு அது பாஸ்போர்ட்டில் இருக்கும் ஒரு வரி! குடிபெயர்வுச் சோதனை தேவை என்று அர்த்தம். 1983-ஆம் ஆண்டுக் குடிபெயர்வுச் சட்டத்தின்படி வந்த முறை இது. பத்தாம் வகுப்பு தேறாதவர்கள் குவைத், சவுதி, கத்தார், ஓமன், மலேசியா உள்ளிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போவதாக இருந்தால், அதற்கென உள்ள அரசு அதிகாரியிடம் தனியாக அனுமதி பெற வேண்டும். படிக்காதவர்களை யாரும் ஏமாற்றிவிடக் கூடாது என்பதற்காக வைத்த பாதுகாப்புதான். ஆனால் அதற்கும் நாட்கள் ஆகும்.

பத்தாம் வகுப்பு தேறியவர்களுக்கு இந்தச் சோதனை கிடையாது. நாம் எல்லோரும் அந்த வகை. பத்தாவது சர்டிபிகேட்டின் மதிப்பு அதில் இருக்கும் மார்க் மட்டும்தான் என்று நினைத்துவிடாதீர்கள்! இன்னொரு வழியும் உண்டு: மூன்று ஆண்டுக்கு மேல் வெளிநாட்டில் இருந்தவர்களுக்கும் விலக்கு உண்டு, படிப்பு எதுவானாலும் சரி. சித்தப்பாவுக்கு ஒன்பது ஆண்டு ஆகியிருந்ததே! பழைய பாஸ்போர்ட்டில் இருந்த விசாக்களையும் முத்திரைகளையும் காட்டி, விண்ணப்பத்திலேயே அதைக் கேட்டோம். புதுப் புத்தகம் வந்ததும் அவர் முதலில் கேட்டது, "அந்த வரி இருக்கால, இல்லையா?" என்றுதான். இல்லை என்று படித்துச் சொன்னேன். இன்னொரு தடவை படிக்கச் சொன்னார்.

நமக்கு என்ன செய்தி?

இறுதியாண்டில் கம்பெனிகள் நேர்முகத் தேர்வுக்கு வரும்போது பாஸ்போர்ட் இருக்கிறதா என்று கேட்பது உண்டு. சின்ன வயதில் எடுத்தவர்கள் கவனியுங்கள். சிறுவர் பாஸ்போர்ட் 5 ஆண்டு, அல்லது 18 வயது வரை, இதில் எது முன்னால் வருகிறதோ அதுவரைதான் செல்லும். 15 வயதுக்கு மேல் 10 ஆண்டுக்குக் கேட்டு வாங்கியிருந்தால்தான் தப்பித்தீர்கள்!

அடுத்து, பெயர். நமக்கு இனிஷியல் உண்டு, குடும்பப் பெயர் கிடையாது. பாஸ்போர்ட்டில் இனிஷியலை விரித்து முழுப் பெயராகத்தான் எழுத வேண்டும். சிலர் குடும்பப் பெயர்க் கட்டத்தைக் காலியாக விட்டு ஒற்றைப் பெயரோடு நிற்கிறார்கள். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் இத்தகைய ஒற்றைப் பெயர்க்காரர்களுக்குச் சுற்றுலா, பார்வையாளர் விசாவை நிறுத்தியது. பாஸ்போர்ட்டின் கடைசிப் பக்கத்தில் தகப்பனார் பெயர் இருந்தால் போதும் என்று பிறகு விளக்கம் தந்தது. ஆகவே அப்பா பெயரை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்பதை முதலிலேயே முடிவு செய்து, எல்லாச் சான்றிதழிலும் ஒரே மாதிரி வைத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவதாக, போலி இணையதளங்கள். அரசுத் தளத்தின் முகவரி 'கவ்.இன்' என்றுதான் முடியும். சந்தேகம் வந்தால் 1800-258-1800 என்ற இலவச எண்ணில் கேட்கலாம். குறித்த நாளில் போக முடியாவிட்டால் கட்டிய பணம் போய்விடாது. ஓராண்டுக்குள் மூன்று முறை நாளை மாற்றிக்கொள்ளலாம்.

ஆகவே நண்பர்களே, "எத்தனை நாள்?" என்று யாராவது உங்களிடம் கேட்டால் ஒரு எண்ணைச் சொல்லி அனுப்பிவிடாதீர்கள். மூன்று கேள்வியைத் திருப்பிக் கேளுங்கள். காலாவதித் தேதி என்ன? எல்லாத் தாளிலும் பேரும் பிறந்த தேதியும் ஒன்றுபோல இருக்கிறதா? முகவரி மாறியிருக்கிறதா? பதிலைக் கேட்டாலே ஏழு நாளா, ஒரு மாதமா என்று உங்களுக்கே தெரிந்துவிடும்.

இந்த விடுமுறைக்கு ஊருக்குப் போகும்போது, உங்கள் தெருவில் பீரோவுக்குள்ளும் டிரங்குப் பெட்டிக்குள்ளும் துணி சுற்றி வைத்திருக்கும் பாஸ்போர்ட்டுகளை எடுத்துத் தரச் சொல்லித் தேதியைப் படித்துச் சொல்லுங்கள். நாம் கற்ற கல்விக்கு நம் ஊர் கேட்கிற முதல் வேலை அதுதான்.



— மூன்றாம் ஆண்டு, இயந்திரவியல் துறை