காடு காசானபோது

பெருமாள்முருகனின் முதல் நாவலான 'ஏறுவெயில்' 1991இல் வந்தது. குடியிருப்புக் காலனி கட்டுவதற்காகப் பாட்டன் பூட்டன் உழுத காட்டை விட்டுக் கிளம்பும் குடும்பம் கொஞ்சங்கொஞ்சமாகச் சிதைவதை ஒரு பையனின் கண்வழியே சொல்லும் கதை. பெரியவர்களின் ஒழுக்கம் பிள்ளைகளுக்கு வாய்க்கவில்லை என்று இதைப் படிப்பவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த வீட்டில் முதலில் மாறுவது சொத்தின் உருவம். ஆட்களின் குணம் அதன் பின்னால்தான் மாறுகிறது. மேட்டாங்காட்டை ஒரே ராத்திரியில் செலவழித்துவிட முடியாது. பேச்சுவார்த்தை இல்லாத பங்காளிகளும் ஒரே கிணற்றில் முறை வைத்துத்தான் இறைக்க வேண்டும். கட்டுத்தரை கூட்ட, ஆடு ஓட்ட, கடலைக்காய் உரிக்க என்று கிழவிக்குக் கடைசிவரை வேலை கிடக்கும்; அவள் சொல்லுக்கு வீட்டில் இருந்த மதிப்பு அந்த வேலையால் வந்தது. காடு பணமாகிப் பங்கு பிரிந்தபின் அவள் சோறு போட வேண்டிய இன்னொரு வாய், அவ்வளவுதான்.

ஃபாரோ தீவுகளில் ஹெதின் ப்ரூ 1940இல் எழுதிய நாவலிலும் இதே முடிச்சு விழுகிறது. எழுபது வயதுக் கெட்டில், திமிங்கில வேட்டை முடிந்த உற்சாகத்தில், ஏலத்தில் சக்திக்கு மீறி இறைச்சி கேட்டுவிடுகிறார். பில் வரப்போகிறதே என்று அவரும் மனைவியும் படும் பாடு கடனில் வாழப் பழகிய பிள்ளைகளுக்கு விளங்குவதில்லை. கடைசியில் பசுவை விற்றுத்தான் கடன் அடைகிறது. எழுதியவர் வேளாண் ஆலோசகராக இருந்தவர். பசுவின் அருமை தெரியாதவரல்ல.

பழைய பண்ணையம் எல்லாருக்கும் நிழல் தந்ததா என்று கேட்கலாம். தரவில்லை. பண்ணையத்தில் ஆடு மேய்க்கும் தலித் சிறுவர்களுக்கு அதே காடு என்னவாக இருந்தது என்பதைப் பெருமாள்முருகனே 2000இல் 'கூளமாதாரி'யில் எழுதிவிட்டார். குடும்பத்தைக் கட்டி வைத்தது பெரியவர்களின் நற்குணம் என்ற பேச்சு அதோடு இன்னும் பலவீனமாகிறது. நிலம் போனதால் விடிவும் வந்ததே, அதே வட்டாரத்துத் திருச்செங்கோட்டு ரிக் வண்டிகள் நாடெங்கும் ஆழ்துளைக் கிணறு தோண்டவில்லையா, பள்ளிபாளையத்தில் தறி ஓடவில்லையா என்பது அடுத்த கேள்வி. உண்மைதான். ஆனால் ரிக்கில் ஏறி மாதக்கணக்கில் வெளிமாநிலம் போக இருபது வயது உடம்பு வேண்டும். 2018இல் சேலம்–சென்னை எட்டுவழிச் சாலைக்குக் காட்டில் கல் நட்டபோதும் இழப்பீட்டுக் கணக்கில் நிலத்துக்கும் கிணற்றுக்கும் தென்னைக்கும் தனித்தனி விலை இருந்தது. கட்டுத்தரை கூட்டும் கிழவிக்கு நாளை என்ன வேலை என்பது அந்தக் கணக்கில் வராது.