கணக்கில் வராத குட்டி மீன்

வீடு வீடாகச் சென்று குடும்ப விபரம் எடுக்கும்போது, "நீங்கள் என்ன தொழில் செய்கிறீர்கள்?" என்று கேட்பேன். "ஒன்றும் இல்லை மிஸ், சும்மா வீட்டிலதான் இருக்கிறன்" என்பார்கள் பெரும்பாலான பெண்கள். அப்படிச் சொல்லும்போதே இடுப்பில் பிள்ளை இருக்கும். அடுப்பில் சோறு கொதிக்கும். படிவத்திலும் 'தொழில் இல்லை' என்றே பதிவாகும். கடலுக்கு அடியிலும் இப்படிக் கணக்கில் வராமல் கிடந்த ஓர் உயிரினம் பற்றி அண்மையில் படித்தேன். அதையே இம்மாதம் வாசகியரோடு பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன்.

59 நாட்களே ஆயுள்

அவுஸ்திரேலியாவின் வடகிழக்குக் கரைக்கு அப்பால், 2,000 கிலோமீற்றருக்கும் மேலாக நீண்டு கிடக்கிறது உலகின் மிகப்பெரிய பவளப்பாறைத் தொடர். முருகைக்கல் என்று நாம் சொல்வதும் இதைத்தான். அங்கு வாழும் உளுவை மீன்களில் மிகச் சிறிய ஒன்றின் விஞ்ஞானப் பெயர் ஏவியோட்டா சிகில்லாட்டா. முழுதாக வளர்ந்தாலும் சுமார் 2 சென்ரிமீற்றர்தான்.

இந்த மீன் அதிகபட்சம் 59 நாட்களே வாழ்கிறது என்பதை 2005ஆம் ஆண்டு ஜேம்ஸ் குக் பல்கலைக்கழக ஆய்வாளர்களான மார்ஷல் டெப்சின்ஸ்கியும் டேவிட் பெல்வூட்டும் வெளியிட்டனர். முதுகெலும்புள்ள உயிரினங்களில் இதைவிடக் குறுகிய ஆயுள் பதிவானதில்லை. மரத்தை அறுத்தால் ஆண்டு வளையங்கள் தெரிவது போல, மீனின் காதுக்குள் உள்ள சிறு கல்லில் நாளுக்கு ஒரு வளையம் விழுகிறது. அவ்வளையங்களை எண்ணியே வயதைக் கண்டறிந்தனர்.

முதல் மூன்று வாரங்களுக்குச் சற்று மேலாகக் கடலில் நுண்குஞ்சாக மிதக்கிறது. பிறகு பாறைக்கு வந்து, ஓரிரு வாரங்களில் பருவமடைகிறது. எஞ்சியிருப்பது மூன்றரை வாரங்கள் மட்டுமே. அதற்குள் பெண் மீன் மூன்று முறை வரை, மொத்தமாகச் சுமார் 400 முட்டைகள் இடுகிறது. அவற்றைக் காவல் காப்பது ஆண் மீனின் பொறுப்பு என்பது குறிப்பிடத்தக்கது!

பாறைக்குச் சோறு போடுவது யார்?

பவளப்பாறைகளைச் சூழ்ந்த கடல் நீரில் சத்து மிகக் குறைவு. அப்படியிருந்தும் அங்கே இத்தனை மீன்கள் எப்படி வாழ்கின்றன என்பது நீண்ட காலமாக ஒரு புதிராகவே இருந்தது. நீரில் மூழ்கி மீன்களை எண்ணுவோர் கண்ணில் பட்ட பெரிய மீன்களையே எண்ணினர். பொந்துகளில் ஒளிந்திருக்கும் நுண்மீன்கள் அவர்களுக்குத் தெரியவில்லை. இவற்றைப் பிடிக்க ஆய்வாளர் பயன்படுத்துவது, நாம் பல்வலிக்குத் தடவும் கராம்புத் தைலத்தை! அதில் மீன்கள் மயங்கிவிடும்.

2019இல் வெளியான ஓர் ஆய்வு புதிருக்கு விடை தந்தது. பாறைகளில் உணவாகும் மீன் இறைச்சியில் ஏறத்தாழ 60 சதவீதம் இந்த நுண்மீன்களிடமிருந்தே கிடைக்கிறதாம். உண்ணப்பட உண்ணப்படப் புதிய குஞ்சுகள் வந்து இடத்தை நிரப்பிவிடுகின்றன. ஆகவேதான் எந்த நேரம் பார்த்தாலும் அங்கே சிறிதளவு மீனே இருப்பதாகத் தோன்றுகிறது. சமைத்தது உடனுக்குடன் தீர்ந்துவிடும் வீட்டில், சமைத்தவளின் உழைப்பு கண்ணுக்குத் தெரியாமல் போவது போலத்தான் இதுவும்.

இன்று இந்த இல்லம் ஆபத்தில் இருக்கிறது. கடல் நீர் சூடேறுவதால் அப்பாறைத் தொடர் 2016, 2017, 2020, 2022, 2024 ஆகிய ஆண்டுகளில் பரவலாக வெளிறியது. எமது நாட்டு முருகைக்கற்களும் 1998இல் வெளிறிப் பெருமளவில் அழிந்தன. சுண்ணாம்புக்காக உடைத்தெடுத்ததால் ஏற்பட்ட இழப்பு வேறு. பாறை அழிந்தால் அந்தப் பொந்துகளும் இல்லை, குட்டி மீன்களும் இல்லை, அவற்றை உண்டு வளரும் பெரிய மீன்களும் இல்லை.

எண்ணத் தொடங்குவோம்

"சின்ன மீனைப் போலப் பெண்ணும் தன்னைத் தேய்த்துப் பிறரை வாழவைக்க வேண்டும்" என்று இதற்குப் பொருள் கொள்ள வேண்டாம். மீனுக்கு வேறு வழியில்லை. எமக்கு உண்டு. நாம் கற்க வேண்டியது மீனிடம் அல்ல, அதை எண்ணியவர்களிடம்தான். எண்ணிப் பார்க்கும்வரை அந்த மீனும் பெறுமதியற்றதாகவே தோன்றியது.

ஒரு நாள், விடிந்தது முதல் படுக்கும்வரை நீங்கள் செய்யும் வேலைகளை மணித்தியாலத்தோடு பிள்ளையின் பழைய கொப்பியில் எழுதிப் பாருங்கள். வீட்டாருக்கும் வாசித்துக் காட்டுங்கள். அடுத்த முறை யாரேனும் படிவத்தோடு வாசலுக்கு வந்தால், "சும்மா இருக்கிறன்" என்ற பதில் உங்கள் வாயில் வராது.