ரிட்டயர்மென்ட் கார்டில் என்ன எழுதப் போறீங்க?

மாதக் கடைசி. ஆபீஸில் ஒரு கார்டு டேபிள் டேபிளாகச் சுற்றி உங்க கைக்கு வருது. திறந்தால், வரிசையாக 'ஹேப்பி ரிட்டயர்மென்ட் சார்!' நீங்களும் அதையே எழுதிட்டு நகரப் போறீங்களா? ஒரு நிமிஷம்.

தமிழக அரசு ஊழியர்களின் ஓய்வு வயது 2021-ல் 60 ஆனது. 25 வயதில் சேர்ந்தவருக்கு அது 35 வருஷ வேலை. அவரிடம் போய் 'இனி நல்லா ரெஸ்ட் எடுங்க' என்றால், சிலருக்கு அது 'இனி நீங்க தேவையில்லை' என்றே கேட்கும்.

அவர் உங்களுக்கு என்ன செய்தார் என்று யோசிங்க. 'உங்கள் சேவை மறக்க முடியாதது' என்பதைவிட, 'முதல் வாரம் நான் தப்பாகப் போட்ட பில்லுக்குத் திட்டாம, பக்கத்தில் உட்காரவெச்சு திருத்தச் சொல்லிக்கொடுத்தீங்க மேடம்' என்பது மனசில் நிற்கும். டிபன் பாக்ஸைப் பகிர்ந்ததுகூடப் போதும்.

அதிகம் பழக்கமில்லையா? பொய்யாக உருக வேண்டாம். 'காலையில் நீங்க சொல்லும் வணக்கத்தை மிஸ் பண்ணுவேன்' என்பதே அழகு. வயசு, பென்ஷன் ஜோக் மட்டும் வேண்டவே வேண்டாம். அந்தக் கார்டை வீட்டில் எல்லோரும் படிப்பாங்க.

எனக்குச் செய்தி எழுதக் கற்றுத்தந்த சீனியருக்கு, அவசரத்தில் 'ஆல் தி பெஸ்ட் சார்' என்று மட்டும் எழுதினேன். படித்துவிட்டு, "இவ்வளவுதானாம்மா?" என்று சிரித்தார். அன்று இரவே வாட்ஸ்அப்பில் நீளமாக எழுதி அனுப்பினேன். ப்ளூ டிக் உடனே வந்தது. பதில் காலையில்தான்: "இதைக் கார்டுல எழுதிக் கொடும்மா."