பழைய பேய்ப்படத்தை ஷேர் பண்ணா தப்பா?

ஹாஸ்டல்ல பேய்ப்படம்னா பீட்சா, காஞ்சனா, டிமான்ட்டி காலனி வரைக்கும்தான் பேச்சு போகும். அதுக்கு முந்தியே தமிழ்ல ஒரு நல்ல லிஸ்ட் இருக்கு மக்கா. எஸ். பாலசந்தர் இயக்கிய 'பொம்மை' (1964), 'நடு இரவில்' (1970) ரெண்டும் திகில் படங்கள். 'தி ஓமன்' படத்தை நம்ம ஊருக்கு மாத்தின 'ஜென்ம நட்சத்திரம்' (1991), பொம்மைக்குள்ள ஆவி புகுந்துக்கிற 'வா அருகில் வா' (1991) இதெல்லாம் பக்கா பேய்ப்படங்கள்.

இந்த மாதிரி படங்களைத் தேடினா, பெரும்பாலும் யாரோ பழைய விசிடியில இருந்து ஏத்தி வச்ச மங்கலான காப்பிதான் சிக்கும். அதை அடுத்தவனுக்கு அனுப்பலாமா?

முதல்ல சட்டம். 1957 பதிப்புரிமைச் சட்டப்படி, படம் வெளியான வருஷத்துக்கு அடுத்த ஜனவரி 1-ல இருந்து 60 வருஷம் அதுக்குப் பாதுகாப்பு உண்டு. அப்படிப் பார்த்தா 'பொம்மை' 2025 ஜனவரி 1-லயே பொதுச்சொத்து ஆகிடுச்சு. 'நடு இரவில்' 2031-ல தான் ஆகும். ஆனா மெட்டுக்கும் பாட்டு வரிக்கும் கணக்கு தனி. படைச்சவர் இறந்து 60 வருஷம் ஆகணும். 'பொம்மை'க்கு இசையும் பாலசந்தர்தான். அவர் இறந்தது 1990-ல. அதனால அந்த மெட்டுகளுக்கு 2050 முடியுற வரைக்கும் உரிமை ஓடும்.

உரிமை இருக்கிற படத்தை, அது உரிமை உள்ளதுன்னு தெரிஞ்சே பரப்பினா 6 மாசத்துல இருந்து 3 வருஷம் வரை ஜெயில், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். காசுக்காகச் செய்யலைன்னா கோர்ட் தண்டனையைக் குறைக்கலாம். ஆனாலும் குற்றம் குற்றம்தான்.

அப்போ சட்டத்தோட விஷயம் முடிஞ்சுதா? இல்ல. 1922-ல ஜெர்மனியில 'நோஸ்ஃபெராட்டு'னு ஒரு படம் வந்துச்சு. 'டிராகுலா' நாவலை உரிமை வாங்காமலே எடுத்தது. எழுத்தாளர் பிராம் ஸ்டோக்கரோட மனைவி கேஸ் போட, எல்லா பிரதியையும் அழிக்கச் சொல்லி 1925-ல தீர்ப்பு வந்தது. அழியாம தப்பிச்ச சில பிரதிகளாலதான் இன்னைக்கு அந்தப் படம் இருக்கு. நம்ம பக்கம் பாருங்க. முதல் தமிழ் பேசும்படம் 'காளிதாஸ்' (1931). அதை யாரும் அழிக்கச் சொல்லல. யாரும் பத்திரமா வைக்கவும் இல்ல. இன்னைக்கு ஒரு பிரதி கூட கிடைக்கல. ஒரு படம் பிழைக்கணும்னா அதுக்கு எங்கேயாவது ஒரு காப்பி இருக்கணும்.

இதையே சாக்கா வச்சு போன வாரம் ரிலீஸான படத்தை டெலிகிராம்ல போடுறவன் 'நானும் சினிமாவைக் காப்பாத்துறேன்'னு சொல்ல முடியாது. அந்தப் படம் அழியுற நிலைமையில இல்ல. சின்ன பட்ஜெட் பேய்ப்படத்துக்கு முதல் வார தியேட்டரும் ஓடிடி விற்பனையும்தான் வருமானம். அதுல கை வச்சா அந்த டைரக்டருக்கு அடுத்த படமே இல்லாம போகலாம்.

அதனால ஷேர் பண்றதுக்கு முன்னாடி மூணு கேள்வி கேளுங்க. முறையா பார்க்க வழி இருக்கா? இருந்தா லிங்க் மட்டும் அனுப்புங்க. உரிமையாளர் யாருன்னு தெரியுமா? தெரிஞ்சா கேட்டுப் பாருங்க. கண்டுபிடிக்கவே முடியலைன்னா, முறைப்படி விண்ணப்பிச்சு லைசென்ஸ் வாங்க சட்டத்தோட 31ஏ பிரிவுல வழி இருக்கு. மூணாவது, இதுல யாராவது விளம்பரக் காசு பார்க்கிறாங்களா? அப்படின்னா அது சேவை இல்ல, வியாபாரம்.

ஷேர் பண்றதை விட உருப்படியான வேலை ஒண்ணும் இருக்கு. கங்கைகொண்டான் பக்கமோ பாளையங்கோட்டை பக்கமோ உங்க தாத்தா, மாமா யாராவது டாக்கீஸ்ல ஆபரேட்டரா இருந்திருந்தா, வீட்டுப் பரண்ல ஏதாவது படப்பெட்டி கிடக்குதான்னு கேளுங்க. கிடைச்சா பழைய இரும்புக்கடைக்குப் போட்டுடாதீங்க. புனேல 1964-ல இருந்து இயங்குற தேசிய திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு ஒரு மெயில் போடுங்க. 1950-களுக்கு முந்தின ரீலா இருந்தா ஜாக்கிரதை. அது நைட்ரேட் ஃபிலிமா இருக்கலாம், சட்டுனு தீப்பிடிக்கும். அடுப்பு, வெயில் பக்கமே கொண்டுபோகாதீங்க.