‘ஹோட்டல் வேலைக்கா போகப் போறே?’

தீபாவளி முடிந்து மூன்று வாரம் இருக்கும். ஈசூனில் அக்கா வீட்டில் இரவு உணவு. ‘ஓ’ நிலைத் தேர்வை அப்போதுதான் எழுதி முடித்திருந்த அக்கா மகன், சோற்றைப் பிசைந்தபடியே என்னிடம் சொன்னான்: “மாமா, நான் ஹாஸ்பிட்டாலிட்டி படிக்கலாம்னு இருக்கேன்.”

ஊரிலிருந்து வந்திருந்த அத்தானின் பெரியம்மாவுக்குப் பாதிதான் காதில் விழுந்தது. “ஆஸ்பத்திரி வேலையா? நல்ல வேலையாச்சே, ராசா!” என்றார். “ஆஸ்பத்திரி இல்லை பாட்டி, ஹோட்டல்” என்றான் இவன். “அட, தோசை சுடவா பலதுறைத் தொழிற்கல்லூரிக்குப் போறே?” என்று அவர் கேட்டதும் எல்லாரும் சிரித்துவிட்டோம்.

அக்கா மட்டும் சிரிக்கவில்லை. “அம்மா முதுகு வளைஞ்சது போதாதா? இவனுமா?” என்றாள்.

எங்கள் அம்மா நகரத்தில் ஒரு ஹோட்டலில் 22 ஆண்டுகள் அறைகளைச் சுத்தம் செய்தவர். ஒரு நாளைக்கு 14 அறைகள். அந்தச் சம்பளத்தில்தான் நானும் அக்காவும் படித்தோம். இன்றும் குனிந்து எழும்போது அவர் இடுப்பைப் பிடித்துக்கொள்வார். அன்று அம்மா எதுவும் பேசவில்லை. ரசத்தை ஊற்றிக்கொண்டு சாப்பிட்டு முடித்தார்.

“நீயே விசாரிச்சுச் சொல்லுடா. நீ வேண்டாம்னு சொன்னா கேப்பான்” என்று அக்கா பொறுப்பை என் தலையில் கட்டினாள். கணக்காளனான எனக்கு ஹோட்டல் பற்றி என்ன தெரியும்? ஆனாலும் இரண்டு சனிக்கிழமைகளை ஒதுக்கினேன். அம்மாவையும் மருமகனையும் அழைத்துக்கொண்டு கிளம்பினேன்.

தேக்காவில் தொடங்கினோம்

முதல் நிறுத்தம் சிராங்கூன் சாலை. நம்மவர்களுக்கு விருந்தோம்பல் ஒன்றும் புதிய தொழில் அல்ல என்பதை அவனுக்குக் காட்ட நினைத்தேன். 1924ல் தொடங்கிய ஆனந்த பவனும் 1947ல் தொடங்கிய கோமள விலாசும் இன்றும் இலை போடுகின்றன. அதற்கும் முன்னரே, மார்க்கெட் ஸ்திரீட்டில் நகரத்தார்களின் கிட்டங்கிகள் இருந்தன. கீழே கொடுக்கல் வாங்கல், மேலே படுக்கை, பின்னால் எல்லாருக்கும் பொதுவான சமையல். ஊரைவிட்டு வந்தவனுக்குத் தூங்க ஒரு பாயும் வாய்க்கு ருசியான சாப்பாடும் கிடைத்த இடங்கள் அவை.

லிட்டில் இந்தியா பாதுகாக்கப்பட்ட வட்டாரமாக அறிவிக்கப்பட்டது 1989ல். இடிபடாமல் தப்பிய கட்டடங்கள் சிலவற்றில் இப்போது சிறு ஹோட்டல்கள் இயங்குகின்றன. டிக்சன் ரோட்டில் 1920களில் கட்டப்பட்ட பள்ளிக்கூடம் ஒன்று 2010ல் ‘வாண்டர்லஸ்ட்’ ஹோட்டலாக மாறியது. மெட்ராஸ் ஸ்திரீட்டில் ‘தி கிரேட் மெட்ராஸ்’ என்றே ஒரு ஹோட்டல் உண்டு. பெரிய ஹோட்டலில் உள்ள நீச்சல் குளமும் விருந்து மண்டபமும் இத்தகைய இடங்களில் முக்கியமில்லை. படி இறங்கினால் பூக்கட்டும் கடை, நாலடி நடந்தால் கோயில் மணி. அந்தத் தெருவே விற்பனைப் பொருள். ‘அனுபவம்’ என்ற சொல்லை இன்று உலகெங்கும் ஹோட்டல்காரர்கள் உச்சரிப்பதன் பொருள் இதுதான்.

“நான் மல்லிகைப்பூ வாங்க வர்ற தெருவைப் பாக்கறதுக்கா காசு கொடுத்துத் தங்குறாங்க?” என்று வியந்தார் அம்மா.

தங்குகிறார்கள். 2019ல் சிங்கப்பூருக்கு 19.1 மில்லியன் வருகையாளர்கள் வந்தனர். கொவிட்-19 அடித்த அடியில் 2021ல் அந்த எண்ணிக்கை ஏறத்தாழ 330,000 ஆகச் சுருங்கியது. சிராங்கூன் சாலையில் மாலை ஆறு மணிக்கே கடை அடைத்த அந்த நாள்களை நாம் மறந்திருக்க மாட்டோம். உள்ளூர்வாசிகளாவது ஹோட்டலில் தங்கட்டும் என்று சிங்கப்பூரர்களுக்கு ஆளுக்கு 100 வெள்ளி பற்றுச்சீட்டு கொடுக்கவேண்டிய நிலை வந்தது. அம்மா தாம் வேலை பார்த்த அதே ஹோட்டலில் முதன்முறையாக விருந்தாளியாகத் தங்கியது அந்தப் பற்றுச்சீட்டில்தான்.

2024ல் வருகையாளர் எண்ணிக்கை 16.5 மில்லியனுக்கு மீண்டது. அவர்களில் ஏறத்தாழ 1.2 மில்லியன் பேர் இந்தியாவிலிருந்து வந்தவர்கள். வந்தவர்கள் 2019ஐவிடக் குறைவு. ஆனால் அவர்கள் செலவழித்ததோ 29.8 பில்லியன் வெள்ளி, அதுவரை இல்லாத உச்சம். ஆள் எண்ணிக்கையைவிட ஒவ்வொருவரும் எவ்வளவு நாள் தங்குகிறார், எதற்காக வருகிறார் என்பதே இப்போது கணக்கு. 2024 மார்ச்சில் டெய்லர் ஸ்விஃப்ட் ஆறு இரவுகள் பாடியபோது நகரத்தில் அறை கிடைக்காமல் அலைந்தவர்களைக் கேட்டால் தெரியும். 2040க்குள் இந்த வருவாயை 47 முதல் 50 பில்லியன் வெள்ளிக்கு உயர்த்துவது சிங்கப்பூர் பயணத்துறைக் கழகத்தின் இலக்கு.

கட்டடம் ஒருவருக்கு, பெயர் இன்னொருவருக்கு

அடுத்த நிறுத்தம் ராஃபிள்ஸ் ஹோட்டல். உள்ளே தங்க வசதி இல்லை. வாசலில் நின்று பார்க்கக் காசு கேட்க மாட்டார்கள். 1887ல் ஆர்மீனியர்களான சார்க்கிஸ் சகோதரர்கள் பத்து அறைகளுடன் தொடங்கிய இடம் அது.

“இது யாருடையது, சொல் பார்ப்போம்” என்றேன் மருமகனிடம்.

“சிங்கப்பூர்காரங்களோடதுதானே?”

கட்டடம் கத்தார் நாட்டின் கத்தாரா நிறுவனத்துக்குச் சொந்தம். ‘ராஃபிள்ஸ்’ என்ற பெயரும் நிர்வாகமும் பிரான்சின் அக்கோர் குழுமத்திடம். வாசலில் வரவேற்கும் தலைப்பாகை அணிந்த சீக்கியர் மட்டும் நம் ஊர் அடையாளம்.

இன்றைய ஹோட்டல் தொழிலைப் புரிந்துகொள்ள இந்த ஒரு வாசல் போதும். பெரிய நிறுவனங்கள் பலவும் நிலத்தையும் கட்டடத்தையும் வாங்கிப் பணத்தை முடக்குவதில்லை. முதலாளி ஒருவர் கட்டுகிறார். அவர்கள் பெயரையும் முன்பதிவு முறையையும் நிர்வாகத்தையும் கொடுத்துக் கட்டணம் வாங்குகிறார்கள். 2016ல் ஸ்டார்வுட்டை வாங்கிய மேரியட், 30க்கும் மேற்பட்ட பெயர்களில் உலகெங்கும் ஹோட்டல்களை நடத்துவது இப்படித்தான். கணக்காளனாக எனக்கு இது பிடித்திருந்தது: இத்துறையில் தட்டு ஏந்துபவர் மட்டுமல்ல, ஒப்பந்தம் எழுதுபவரும், அறை விலையை நாளுக்கு நாள் மாற்றி நிர்ணயிப்பவரும் தேவை.

சிறு ஹோட்டல்களுக்கு அந்தப் பெயர்ப்பலம் இல்லை. இணைய முன்பதிவுத் தளங்களையே அவை நம்பியிருக்கின்றன. அறை விலையில் 15 விழுக்காடு, சிலவேளை அதற்கும் மேல், தளத்துக்குத் தரகாகப் போய்விடும். நூறு வெள்ளிக்கு அறை எடுத்தால் வாடகையும் மின்கட்டணமும் சம்பளமும் மிச்சமுள்ள 85 வெள்ளிக்குள் அடங்கவேண்டும். அடுத்த முறை ஊர் உறவினர்களுக்கு அறை பார்க்கும்போது, ஹோட்டலுக்கே ஒரு தொலைபேசி அழைப்புப் போட்டுப் பாருங்கள். இருவருக்கும் லாபமாக அமையலாம்.

2008ல் தொடங்கிய ஏர்பிஎன்பி இன்னொரு போட்டியைக் கொண்டுவந்தது. வீட்டின் ஓர் அறையையே ஹோட்டலாக்கும் வழி அது. சிங்கப்பூர் இதற்கு எளிதில் இடம் கொடுக்கவில்லை. தனியார் வீடுகளைக் குறைந்தது மூன்று மாதத்துக்கும் வீவக வீடுகளைக் குறைந்தது ஆறு மாதத்துக்கும்தான் வாடகைக்கு விடலாம். கெடுபிடி என்று முன்பு நானும் முணுமுணுத்தது உண்டு. பார்சிலோனாவில் உள்ளூர் மக்கள் வாடகை கட்டமுடியாமல் திண்டாடுவதும், சுற்றுப்பயணிகளுக்கான அடுக்குமாடி வீடுகளின் உரிமங்களை 2028க்குள் ஒழிக்கப்போவதாக அந்நகரம் 2024ல் அறிவித்ததும் தெரிந்தபிறகு முணுமுணுப்பதை நிறுத்திவிட்டேன். விருந்தினர் வரவேண்டும், அதற்காக வீட்டுக்காரர் வெளியேறக்கூடாது.

துண்டு கொண்டுவரும், மெத்தை விரிக்குமா?

இரண்டாம் சனிக்கிழமை ஆர்ச்சர்ட் சாலை. ஹோட்டல் ஒன்றின் காப்பிக் கடையில் உட்கார்ந்திருந்தோம். இடுப்புயர இயந்திரம் ஒன்று மின்தூக்கியிலிருந்து இறங்கி, எங்களைக் கடந்து போனது. அறைக்குத் துண்டும் தண்ணீரும் கொண்டுபோகும் ரோபோ. சிங்கப்பூருக்கு இது புதிதல்ல. ராபர்ட்சன் கீயின் எம் சோஷியல் 2016லேயே ஒன்றை இறக்கியது. அடுத்த ஆண்டு அங்கே முட்டை பொரிக்கவும் ஒன்று வந்தது. 2017ல் திறந்த யோட்டெல் ஆர்ச்சர்டு தன் ரோபோக்களுக்கு யோஷி, யோலாண்டா என்று பெயரே வைத்தது. கடவுச்சீட்டை வரவேற்பாளரிடம் நீட்டாமல், முகத்தைக் காட்டியே அறைக்குப் பதிவுசெய்யும் முறையும் 2019 முதல் இங்கு அறிமுகமாகிவிட்டது.

மருமகன் கைப்பேசியில் படம் எடுத்தான். அம்மா அந்த இயந்திரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். “துண்டு கொண்டுபோகுது, சரி. மெத்தைய யாரு விரிக்கறா?” என்றார்.

அவர் கேட்டது சாதாரணக் கேள்வி அல்ல. மெத்தையின் மூலையைத் தூக்கி விரிப்பை மடித்துச் செருகுவது, தலையணைக்கடியில் மறந்துபோன மோதிரத்தைக் கண்டெடுப்பது, குளியலறைத் தரையில் ஒரு முடிகூட இல்லாமல் துடைப்பது ஆகியவற்றுக்கு இன்னும் மனிதக் கைதான் வேண்டும். இயந்திரம் எளிய வேலைகளை எடுத்துக்கொள்கிறது. கடினமான வேலை மனிதரிடமே மிஞ்சுகிறது. அம்மா இன்னொன்றும் சொன்னார். ஒருமுறை தேன்நிலவுக்கு வந்திருந்த பெண் ஒருத்தி அறையில் தனியே அழுதுகொண்டிருந்தாளாம். சுத்தம் செய்யப் போன அம்மா, தேநீர் கலந்து கொடுத்துவிட்டு, “அப்புறம் வர்றேன்” என்று கதவைச் சாத்திவிட்டு வந்தாராம். எந்தப் பயிற்சிக் கையேட்டிலும் அது இல்லை. அனிச்ச மலரைவிட விருந்தினர் மனம் மென்மையானது என்று வள்ளுவர் விருந்தோம்பலுக்கென ஓர் அதிகாரத்தில் சொல்லிவைத்திருப்பதை, பள்ளிக்கூடம் அதிகம் போகாத அம்மா வேலையில் கற்றிருந்தார்.

சுற்றுச்சூழலும் இப்போது ஹோட்டல் கணக்கில் ஏறிவிட்டது. அம்மா காலத்தில் தள்ளுவண்டி நிறையக் குட்டிக் குட்டி ஷாம்பூ போத்தல்கள். பாதி பயன்படுத்தியதெல்லாம் குப்பைக்குப் போகும். மேரியட்டும் ஐஎச்ஜியும் அந்தச் சிறு போத்தல்களைக் கைவிடுவதாக 2019ல் அறிவித்தன. 2013ல் திறந்த பார்க்ராயல் பிக்கரிங் 15,000 சதுர மீட்டர் பசுமையைக் கட்டடத்தின் மேலேயே வளர்த்தது. 2025க்குள் சிங்கப்பூரின் ஹோட்டல் அறைகளில் 60 விழுக்காடு அனைத்துலக நீடித்த நிலைத்தன்மைச் சான்றிதழ் பெறவேண்டும், 2050க்குள் கரிம வெளியேற்றத்தை நிகர சுழியமாக்கவேண்டும் என்று 2022ல் திட்டம் வகுக்கப்பட்டது.

வேலை இருக்கிறது, ஆள் எங்கே?

இத்தனை வளர்ச்சி இருந்தும் ஆள் கிடைப்பதில்லை. கொவிட் காலத்தில் வேலை இழந்தவர்களில் பலர் திரும்பவில்லை. விடுமுறை நாளில்தான் கூட்டம், தீபாவளியன்றும் பணி, நாள் முழுக்க நின்ற நிலை. எத்தனை குடும்பங்கள் பிள்ளையை இதற்கு அனுப்பும்?

உலகம் முழுவதும் உள்ள குறை இது. சிங்கப்பூரில் 2023 செப்டம்பர் முதல், ஹோட்டல் அறைப் பராமரிப்பு போன்ற சில வேலைகளுக்கு இந்தியா, இலங்கை உள்ளிட்ட நாடுகளிலிருந்தும் வேலை அனுமதியில் ஆள் எடுக்க மனிதவள அமைச்சு வழிவிட்டது. இந்திய உணவகங்கள் இந்தியாவிலிருந்து சமையல்காரர்களைக் கொண்டுவரவும் அப்போதுதான் கதவு திறந்தது. அவர்களுக்குக் குறைந்தது 2,000 வெள்ளி மாதச் சம்பளம் என்பது நிபந்தனை. தேக்காவில் நாம் சாப்பிடும் தோசைக்குப் பின்னால் இந்த விதிமுறையும் இருக்கிறது.

இன்னொரு பக்கம், மரினா பே சாண்ட்சின் நான்காவது கோபுரத்துக்கு 2025 ஜூலையில் அடிக்கல் நாட்டப்பட்டது. சாங்கியின் ஐந்தாம் முனையம் 2030களின் நடுப்பகுதியில் திறக்கவிருக்கிறது. என் மருமகன் படித்து, தேசிய சேவையும் முடித்து வெளியே வரும் நேரத்தில் இவையெல்லாம் ஆள் தேடிக்கொண்டிருக்கும்.

பாட்டி வைத்த தேர்வு

இரண்டு பக்கமும் அக்காவிடம் சொன்னேன். வாய்ப்பு இருக்கிறது, உழைப்பும் கடுமை. சம்பளம் தொடக்கத்தில் கணினித் துறை அளவுக்கு இருக்காது. ஆனால் இங்கே கற்றதைக் கொண்டு துபாயிலோ லண்டனிலோ கோயம்புத்தூரிலோ வேலை பார்க்கலாம். “அப்ப நீ என்னதான் சொல்றே?” என்று அக்கா எரிச்சல்பட்டாள்.

அப்போதுதான் அம்மா வாய் திறந்தார். “படிக்கட்டும். ஆனா முதல்ல லீவுல ஒரு மாசம் ரூம் கழுவிட்டு வரட்டும். அதுக்கப்புறமும் ஆசை இருந்தா, யாரும் தடுக்காதீங்க.”

டிசம்பரில் அவன் ஒரு ஹோட்டலில் பகுதிநேரமாக அறைப் பராமரிப்பில் சேர்ந்தான். முதல் நாள் திரும்பியதும் காலணியைக்கூடக் கழற்றாமல் சோபாவில் விழுந்தான். “எத்தனை அறை?” என்று அம்மா கேட்டார். “ஆறு, பாட்டி. அதுவும் ரெண்டு பேரா சேர்ந்து” என்றான். சற்று நேரம் அவரையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “நீங்க பதினாலா செஞ்சீங்க?” என்று கேட்டான்.

அம்மா பதில் சொல்லவில்லை. தைலப் போத்தலை எடுத்துவந்து அவன் முதுகில் தேய்த்துவிட்டார். அக்கா சமையலறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

மாதம் முடியும்வரை அவன் ஒரு நாளும் விடுப்பு எடுக்கவில்லை. ஜனவரியில் தேர்வு முடிவு வந்தது. விண்ணப்பத்தில் முதல் தெரிவாக அவன் விரும்பிய பாடத்தையே போட்டிருக்கிறான். அக்காவுக்கு இன்னும் முழு மனது இல்லை. “மேனேஜர் ஆனபிறகு, ரூம் கழுவறவங்களை மரியாதையா நடத்தலைன்னா உன்னை விடமாட்டேன்” என்று மட்டும் மகனிடம் சொல்லிவைத்திருக்கிறாள்.

அன்றிலிருந்து நான் ஒன்று செய்கிறேன். ஹோட்டலில் தங்கினால், கிளம்புமுன் துண்டுகளை ஒரே இடத்தில் குவித்து வைக்கிறேன். தலையணை மேல் ஐந்து வெள்ளியும், ‘நன்றி’ என்று ஒரு துண்டுச் சீட்டும். அந்தக் கதவைத் தள்ளிக்கொண்டு அடுத்து உள்ளே வருபவர் யார் வீட்டு அம்மாவோ, யாருக்குத் தெரியும்?