நெல் வயலில் கூடு கட்டும் சாரஸ் கொக்கு

நம் ஊரில் உழவு ஓட்டும்போது பின்னாலேயே வரும் வெள்ளைக் கொக்குக்கும், வட இந்தியாவின் சாரஸ் கொக்குக்கும் பெயரில்தான் ஒற்றுமை. வெள்ளைக் கொக்கு கழுத்தை மடக்கிப் பறக்கும், மரத்தில் அடையும். சாரஸ் கழுத்தை நீட்டியே பறக்கும். பின்விரல் சிறியது என்பதால் கிளையைப் பற்ற முடியாது. இரவிலும் ஆழமில்லாத தண்ணீரில் நின்றபடிதான் தூங்கும்.

சாம்பல் நிற உடல், சிவந்த தலை, நீண்ட கால்கள். பறக்கும் பறவைகளில் உலகிலேயே உயரமானது இதுதான். 6 அடி வரை இருக்கும். உத்தரப்பிரதேசத்தின் மாநிலப் பறவையும் இதுவே. ஜோடி சேர்ந்தால் பெரும்பாலும் பிரிவதில்லை.

சதுப்பு நிலங்கள் சுருங்கிவிட்டதால், மழைக்காலத்தில் நெல் வயலிலும் கூடு கட்டுகிறது. நாணல், புல்லோடு நெற்பயிரையும் பிடுங்கித் தண்ணீருக்கு நடுவே மேடாகக் குவித்து, பெரும்பாலும் 2 முட்டைகள் இடும். பயிர் போகிறதே என்று கூட்டைக் கலைப்பவர்களும் உண்டு. ஆனால், பாதிப்பு கூட்டைச் சுற்றியுள்ள சிறு வட்டத்தோடு சரி. அந்த வயலிலேயே பூச்சி, நத்தை, கிழங்கு, சிந்திய தானியம் என்று பொறுக்கித் தின்னும்.

அடைகாப்பது சுமார் ஒரு மாதம். பொரித்த ஓரிரு நாளில் குஞ்சுகள் தாய் தந்தையோடு நடக்கத் தொடங்கிவிடும். அதுவரை அந்த இடத்தில் மருந்து தெளிக்காமல், நாய்களை அண்டவிடாமல் பார்த்துக்கொண்டால் போதும். குஜராத்தின் கேடா மாவட்டத்தில் விவசாயிகளே இப்படிக் கூடுகளுக்குக் காவல் நிற்கிறார்கள்.